வாரிசு வேலை யாருக்கு? அரசு ஊழியர் பணியில் இறந்தால் குடும்பம் செய்ய வேண்டியவை, படிப்படியாக

துக்கம் விசாரிக்க வருகிறவர்களில் யாராவது ஒருவர் அந்தக் கேள்வியைக் கேட்டுவிடுவார்: "வேலை யாருக்கு வாங்கப் போறீங்க, பையனுக்கா, பொண்ணுக்கா?" இறந்தவரின் இடத்தை வீட்டில் யாருக்கோ எழுதி வைத்துவிட்டதுபோல ஒரு நினைப்பு. அப்படி எதுவும் இல்லை. உறவு இருந்தால் மனுப் போடலாம், அவ்வளவுதான். வேலை கிடைப்பதும் கிடைக்காததும் வேறு மூன்று விஷயங்களில் இருக்கிறது. விதியில் சொன்ன பட்டியலில் அந்த உறவு வருகிறதா? குடும்பம் உண்மையிலேயே தத்தளிக்கிறதா? மனு நாள் தவறாமல் போய்ச் சேர்ந்ததா? இந்த மூன்றாவதில் சறுக்குகிற குடும்பங்களைப் பார்க்கும்போதுதான் வயிறு எரிகிறது. தகுதி எல்லாம் இருந்தும், தேதி போய்விட்டிருக்கும்.

இந்த வழிகாட்டி பெரும்பாலும் தமிழ்நாடு அரசு ஊழியர்களின் குடும்பங்களுக்கானது. மத்திய அரசு விதி மாறுபடும் இடங்களை அங்கங்கே சொல்லியிருக்கிறேன். மின்வாரியம், போக்குவரத்துக் கழகங்கள், கூட்டுறவு நிறுவனங்கள், ரயில்வே, வங்கிகள் போன்றவற்றுக்குத் தனித்தனி விதிகள் உண்டு. அடிப்படை ஒன்றுதான் என்றாலும் வயது, காலக்கெடு, பதவி ஆகியவை அங்கே வேறாக இருக்கும். அந்த நிறுவனத்தின் பணியாளர் பிரிவில் விதியின் நகலையே கேட்டு வாங்கிப் படியுங்கள்.

தொடங்கும் முன்: அரசு இதை எப்படிப் பார்க்கிறது

அரசு வேலைக்குத் தேர்வு எழுதி, போட்டியிட்டுத்தான் போக வேண்டும். அரசமைப்புச் சட்டத்தின் 14, 16ஆம் பிரிவுகள் எல்லோருக்கும் சமவாய்ப்பைச் சொல்கின்றன. வாரிசு வேலை என்று நாம் சொல்லும் கருணை அடிப்படை நியமனம் அதற்கு ஒரு விதிவிலக்கு. சம்பாதித்தவர் திடீரென்று போனதால் அடுத்த மாத அரிசிக்கே வழியில்லாமல் நிற்கும் குடும்பத்தைக் கைதூக்கி விடுவது மட்டுமே அதன் நோக்கம். 1994-ல் ஹரியானா மாநில வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது: இது வாரிசுரிமை அல்ல, கடைநிலை, அதற்கு அடுத்த நிலைப் பதவிகளுக்கு மட்டுமே பொருந்தும், நெருக்கடி தீர்ந்துபோன பிறகு, ஆண்டுகள் கழித்து வந்து கேட்க முடியாது. அதற்குப் பிறகு வந்த தீர்ப்புகள் பெரும்பாலும் இதன் மேல்தான் நிற்கின்றன.

ஆகவே மனுவில் "என் தந்தையின் வேலை எனக்குச் சேர வேண்டிய உரிமை" என்று எழுதுவதால் ஒரு பயனும் இல்லை. குடும்பத்தில் எத்தனை பேர், என்ன வருமானம், என்ன கடன், யார் யாரை நம்பி இருக்கிறார்கள் என்பதை எழுதுங்கள். அதைத்தான் அதிகாரி தேடுவார்.

தமிழ்நாட்டில் இந்தத் திட்டம் 1972 முதல் இருக்கிறது. இடையில் வந்த ஏராளமான அரசாணைகளை 2020-ல் ஒன்றாகத் தொகுத்தார்கள். 2023-ல் தனி விதிகளாகவே வெளியிட்டார்கள். பழைய அரசாணை எண்ணைக் காட்டி யாராவது உறுதியாகப் பேசினால், அது இன்றும் நடைமுறையில் இருக்கிறதா என்று கேட்டுக்கொள்ளுங்கள். பழைய விதியா புதிய விதியா என்ற சர்ச்சையில், மனு பரிசீலிக்கப்படும் நாளில் உள்ள விதிதான் பொருந்தும் என்று 2020-ல் கர்நாடக வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு சொல்லியிருக்கிறது.

படி 1: இறந்தவர் இந்தத் திட்டத்துக்குள் வருகிறாரா?

முறையான நியமனம் பெற்ற ஊழியராக இருந்திருக்க வேண்டும். தினக்கூலி, ஒப்பந்தம், தற்காலிகம், ஓய்வுக்குப் பின் மறுநியமனம் ஆகிய நிலைகளில் இருந்தவர்களின் குடும்பத்துக்கு மத்திய அரசுத் திட்டத்தில் இடமில்லை. மாநிலத்திலும் அடிப்படை அதுவே. சத்துணவு, அங்கன்வாடி போன்ற பணிகளுக்குத் தனி ஆணைகள் இருப்பதால் அந்தந்தத் துறையிலேயே கேட்க வேண்டும்.

ஓய்வு பெற்ற மறுநாள் இறந்தாலும் இந்தத் திட்டம் கிடையாது. ஓய்வுக்கு முந்தின நாள் இறந்தால் உண்டு. கேட்கக் கொடுமையாக இருக்கும், ஆனால் கோடு அங்கேதான் போடப்பட்டிருக்கிறது.

எப்படி இறந்தார் என்பது பெரும்பாலும் பிரச்சினை இல்லை. நோய், விபத்து மட்டுமல்ல, தற்கொலையையும் மத்திய அரசு விதி வெளிப்படையாகவே சேர்த்துச் சொல்கிறது. அதைச் சொல்லக் கூசி மனுவே போடாமல் ஒதுங்கும் குடும்பங்கள் இருக்கின்றன, ஒதுங்க வேண்டாம். தற்காலிகப் பணிநீக்கத்தில் இருந்தபோது இறந்தவரும் பணியில் இருந்தவர்தான். பணியிலிருந்து முற்றிலும் நீக்கப்பட்டவர் நிலை வேறு.

உடல்நலம் அறவே கெட்டு மருத்துவ இயலாமையால் ஓய்வு பெற்றவரின் குடும்பமும் கேட்கலாம். இதற்கு வயது வரம்பு உண்டு: மத்திய அரசில் பொதுவாக 55 வயதுக்கு முன் அப்படி ஓய்வு பெற்றிருக்க வேண்டும். காணாமல் போனவர் என்றால், மத்திய அரசில் காவல் நிலையத்தில் புகார் பதிவாகி 2 ஆண்டு கழிந்த பிறகு குடும்பம் விண்ணப்பிக்கலாம். ஆனால் காணாமல் போன நாளில் அவருக்கு ஓய்வு பெற 2 ஆண்டுக்கும் குறைவாக இருந்திருந்தாலோ, மோசடி செய்துவிட்டு ஓடியதாகச் சந்தேகம் இருந்தாலோ கிடையாது.

படி 2: எந்த உறவு கணக்கில் வரும்?

மனைவி அல்லது கணவர், மகன், மகள். முதல் வட்டம் இதுதான். சட்டப்படி தத்தெடுத்த பிள்ளைக்கும் பெற்ற பிள்ளைக்கும் வேறுபாடு இல்லை. ஆனால் "சின்ன வயசுலேர்ந்து அவர்தான் வளர்த்தார்" என்பது தத்து ஆகாது. அதற்கான ஆவணம், அதுவும் ஊழியர் உயிரோடு இருந்தபோதே செய்யப்பட்டதாக, வேண்டும்.

இறந்தவருக்குத் திருமணம் ஆகவில்லை என்றால் வட்டம் சற்று விரியும். மத்திய அரசில், அவரை முழுவதும் நம்பி வாழ்ந்த சகோதரன் அல்லது சகோதரி கேட்கலாம். தமிழ்நாட்டில் இவர்களுடன் தந்தை, தாயும் சேர்வார்கள். திருமணமாகி மனைவி மக்களோடு இருந்தவருக்குத் தம்பி மனுப் போட முடியுமா என்று கேட்கிறவர்கள் அதிகம். மத்திய அரசுப் பட்டியலில் அதற்கு வழியில்லை. மருமகள், பேரன், பேத்தி, அக்கா மகன் என்று நீளும் சொந்தங்களும் அந்தப் பட்டியலில் இல்லை.

இனி சிக்கலான உறவுகள்.

திருமணமான மகள். நெடுங்காலம் வாசலிலேயே நிறுத்தி வைக்கப்பட்டவர் இவர்தான். திருமணமான மகனுக்குக் கேட்காத கேள்வியை மகளிடம் மட்டும் கேட்பது பாகுபாடு என்று பல உயர் நீதிமன்றங்கள் சொல்லிவிட்டன. சென்னை உயர் நீதிமன்றமும் அந்த வழியில் தீர்ப்பளித்திருக்கிறது. 2020 டிசம்பரில் கர்நாடக உயர் நீதிமன்றம் 'திருமணமாகாத' என்ற நிபந்தனையையே நீக்கியது. மத்திய அரசிலும் திருமணமான மகளைப் பரிசீலிக்கலாம், ஆனால் இறந்த நாளில் அவர் அப்பா அல்லது அம்மாவை முழுவதும் நம்பி இருந்தார் என்று காட்ட வேண்டும். வேலை கிடைத்தபின் மீதிக் குடும்பத்தைக் காப்பாற்றவும் வேண்டும். நடைமுறையில் இடறுவது அந்தச் சார்பு நிலைதான். கணவருக்கு நிலையான வேலை, தனிக் குடித்தனம், வேறு ஊர் என்று இருந்தால், சட்டம் அனுமதித்தாலும் மனு நிற்பது கடினம். கணவரைப் பிரிந்து அப்பா வீட்டிலேயே இருந்தவர், கணவரை இழந்தவர், பெற்றோருக்கு ஒரே பிள்ளையாக இருப்பவர் ஆகியோர் அந்த நிலையை ஆவணத்தோடு காட்டினால் மனு வலுவாக இருக்கும். திருமணமான மகனையும் மத்திய அரசு ஒரு காலத்தில் சார்ந்தவராக ஏற்கவில்லை. 2015-ல் அந்த நிலைப்பாட்டை மாற்றிக்கொண்டது.

இரண்டாவது மனைவியும் அவர் பிள்ளைகளும். முதல் திருமணம் சட்டப்படி நீடிக்கும்போது நடந்த இரண்டாவது திருமணம் இந்துத் திருமணச் சட்டத்தில் செல்லாது. அந்த மனைவியால் மனைவி என்ற நிலையில் வேலை கேட்க முடியாது. பிள்ளைகள் விஷயம் வேறு. அந்தத் திருமணத்தில் பிறந்தவர்கள் என்பதற்காகவே அவர்களை ஒதுக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2018 டிசம்பரிலும், மறுபடி 2022 பிப்ரவரியிலும் ரயில்வே ஊழியர்கள் தொடர்பான வழக்குகளில் தீர்ப்புச் சொன்னது. ஆனால் 'ஒதுக்கக் கூடாது' என்றால் 'பரிசீலிக்க வேண்டும்' என்றுதான் பொருள். 'கொடுத்தே ஆக வேண்டும்' என்பதல்ல.

விவாகரத்து ஆன மனைவிக்கு இடமில்லை. அந்தத் திருமணத்தில் பிறந்த பிள்ளைகளுக்கு உண்டு.

இன்னொன்று: வைப்பு நிதியிலும் காப்பீட்டிலும் நாமினியாக யார் பெயர் இருக்கிறதோ அவருக்குத்தான் வேலை என்று ஒரு நம்பிக்கை உலவுகிறது. நாமினி என்பது பணத்தைப் பெற்றுக்கொள்ளும் ஏற்பாடு. வேலைக்கும் அதற்கும் தொடர்பே இல்லை.

படி 3: வீட்டில் யார் பெயரில் மனு?

மற்ற எல்லாப் படிகளையும்விட இதற்கு நேரம் கொடுங்கள். ஒரு குடும்பத்துக்கு ஒரு வேலைதான். ஆளை மாற்றுவது பின்னால் பெரும்பாடு. காலக்கெடு முடிந்தபின் அனேகமாக முடியவே முடியாது.

முதலில் வயதைப் பாருங்கள். தமிழ்நாட்டில் குறைந்தது 18 நிறைந்திருக்க வேண்டும். மேல் வரம்பு மனைவி, கணவர், பெற்றோருக்கு 50. மகன், மகள், சகோதரர், சகோதரிக்கு 40. மத்திய அரசில் மேல் வரம்பைத் தளர்த்த இடமுண்டு, 18-க்குக் கீழே தளர்த்த முடியாது.

இப்போது ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். தமிழ்நாட்டில் இறந்த நாளிலிருந்து 3 ஆண்டுக்குள் மனுப் போய்ச் சேர வேண்டும். அதற்குள் பிள்ளைக்கு 18 நிறைய வேண்டும் என்றால், அப்பா இறந்த நாளில் அவனுக்கு அல்லது அவளுக்கு 15 வயது நிறைந்திருக்க வேண்டும். பத்தாம் வகுப்புப் படிக்கும் பிள்ளை தப்பிக்கலாம். எட்டாம் வகுப்புப் பிள்ளைக்காகக் காத்திருந்தால் கைக்கு எதுவும் வராது. "பையன் பெரியவனாகட்டும், அவன் வாழ்க்கைக்கு ஆகும்" என்று அம்மா தன் பெயரில் போடாமல் விடுவதுதான் நான் கேட்டதிலேயே பரவலான சோகக் கதை. 2024 நவம்பரில் ஹரியானாவைச் சேர்ந்த ஒரு வழக்கு உச்ச நீதிமன்றத்தில் முடிந்தது. காவலராக இருந்த தந்தை 1997-ல் பணியில் இறந்தபோது மகனுக்கு வயது 7. வயது வந்தபின் அவர் கேட்டார். அத்தனை ஆண்டு கழித்துக் கேட்க உரிமை இல்லை என்று நீதிமன்றம் கைவிரித்துவிட்டது.

18 நிறையும் முன்பே பிள்ளை பெயரில் மனுப் போட்டு வைப்பதும் உதவாது. "வயது வரவில்லை" என்று திரும்பி வரும். 18 நிறைந்ததும், 3 ஆண்டு முடியும் முன்னால், முறைப்படி மறுபடி கொடுக்க வேண்டும். முதலில் கொடுத்ததே போதும் என்று சும்மா இருந்துவிடக் கூடாது.

அடுத்து அம்மாவின் வயது. 48, 49 என்றால் நாளைக்கே முடிவு செய்யுங்கள். 3 ஆண்டு இருக்கிறதே என்ற நிதானம் இந்த வீட்டுக்குப் பொருந்தாது.

பிறகு படிப்பு. எட்டாம் வகுப்புத் தேர்ச்சி இருந்தால் அலுவலக உதவியாளர். பத்தாம் வகுப்புக்கு மேல் இருந்தால் இளநிலை உதவியாளர் போன்ற பதவிகள். தட்டச்சுத் தேர்ச்சி இருந்தால் தட்டச்சர். எட்டாம் வகுப்பும் இல்லாவிட்டால் காவலாளி, துப்புரவு போன்ற அடிப்படைப் பணிகள். காவல்துறையில் இறந்தவர்களின் வாரிசுகளுக்குத் தகவல் பதிவு உதவியாளர், வரவேற்பாளர் என்ற பணியிடங்களும் வழங்கப்படுகின்றன. அடிப்படைச் சம்பளம் அலுவலக உதவியாளருக்கு 15,700 ரூபாயிலும், இளநிலை உதவியாளருக்கு 19,500 ரூபாயிலும் தொடங்கும். இவற்றின் மேல் அகவிலைப்படி, வீட்டு வாடகைப்படி வரும்.

பட்டதாரி மகன் அவசரத்தில் கடைநிலைப் பதவியை ஏற்றுக்கொண்டு, "என் படிப்புக்கு மேல்பதவி கொடுங்கள்" என்று பிறகு கேட்டால் கிடைக்காது. ஒருமுறை ஏற்றுக்கொண்டதோடு கருணை தீர்ந்தது. 1994-லேயே ராஜஸ்தான் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைச் சொல்லிவிட்டது. பதவி உயர்வு வழக்கம்போல வரும்; தேர்வாணையத் தேர்வு எழுதிப் போகவும் தடையில்லை.

கடைசியாக, யாருக்கும் பிடிக்காத கேள்வி: வேலைக்குப் போகிறவர் மற்றவர்களைக் காப்பாற்றுவாரா? மூத்த மகனுக்கு வேலை வாங்கிக் கொடுத்துவிட்டு, அவர் தனிக்குடித்தனம் போனதும் அம்மாவும் தங்கையும் நிற்கும் வீடுகள் ஊருக்கு ஊர் உண்டு. மத்திய அரசில் குடும்பத்தைப் பராமரிப்பேன் என்று உறுதிமொழி வாங்குகிறார்கள். அதை மீறினால் விளக்கம் கேட்டுவிட்டு வேலையிலிருந்தே நீக்கலாம். ஆனால் பெற்ற மகன் மேல் எந்த அம்மா புகார் எழுதிக் கொடுப்பார்? என் கருத்து இது: அம்மாவுக்கு வயதும் ஓரளவு படிப்பும் இருந்தால் அம்மாவே போகட்டும். வெளியே வேலைக்குப் போய்ப் பழக்கமில்லை என்பது ஒரு காரணமே இல்லை. ஆறு மாதத்தில் பழகிவிடும். கணவரை இழந்து இப்படி வேலை பெற்றவர் மறுமணம் செய்துகொண்டாலும் வேலை போகாது என்று மத்திய அரசு விதியே சொல்கிறது.

வீட்டில் ஏற்கெனவே ஒருவருக்கு வேலை இருந்தால்? மனு அங்கேயே முடிந்துவிடாது, ஆனால் கடினமாகும். அந்த மகன் இறப்புக்கு முன்பே தனியாகப் போய், இந்தக் குடும்பத்துக்கு எதுவும் தராமல் இருந்தார் என்றால் அதை நிரூபிக்கலாம். தனிக் குடும்ப அட்டை, வேறு முகவரி, அவர் தரும் வாக்குமூலம் ஆகியவை இங்கே உதவும். இறப்புக்குப் பின் அவசரமாகப் பிரித்த குடும்ப அட்டையைக் காட்டினால் விசாரணையில் தெரிந்துவிடும்.

படி 4: தேதியைக் குறித்து வையுங்கள்

தமிழ்நாட்டில் 3 ஆண்டு. 2024 ஜூன் 10-ல் இறந்தார் என்றால், 2027 ஜூன் 9-க்குள் மனு அலுவலகத்தில் பதிவாகியிருக்க வேண்டும். மத்திய அரசில் இருந்த 3 ஆண்டு வரம்பு 2012 ஜூலையில் விலக்கிக்கொள்ளப்பட்டது. அதற்காகத் தாமதிக்கலாம் என்று எண்ண வேண்டாம். நாள் ஆக ஆக "இத்தனை நாள் சமாளித்தவர்களுக்கு இப்போது என்ன நெருக்கடி?" என்ற கேள்வி வலுக்கும். 2023 மார்ச்சில் மேற்கு வங்க நகராட்சி ஊழியர்களின் பிள்ளைகள் வழக்கில் உச்ச நீதிமன்றம் அந்தக் காரணத்தையும் சேர்த்துத்தான் மறுத்தது. தாமதத்தில் அரசுக்கும் பங்கிருந்தது. ஆனாலும் இழப்பு குடும்பத்துக்கு.

சில சான்றுகள் வரத் தாமதமானால், கையில் இருப்பவற்றோடு மனுவைக் கொடுத்துவிட்டு, "மீதியை விரைவில் சமர்ப்பிக்கிறேன்" என்று அதிலேயே எழுதுங்கள். காலக்கெடுவுக்குள் மனு இருந்தது என்பதற்கு அதுவே சாட்சி.

படி 5: தாள்களைச் சேர்ப்பது

முதலில் இறப்புச் சான்றிதழ். பத்து நகலாவது எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். ஓய்வூதியம், காப்பீடு, வங்கி என்று எல்லா இடத்திலும் கேட்பார்கள். அதில் உள்ள பெயரும் பணிப்பதிவேட்டில் உள்ள பெயரும் எழுத்துக்கு எழுத்து ஒத்துப்போகிறதா பாருங்கள். தலைப்பெழுத்து ஒன்று மாறியிருந்தாலும் கோப்பு திரும்பி வரும்.

அடுத்து வாரிசுச் சான்றிதழ். தாசில்தார் தருவது. இ-சேவை மையம் வழியாக இணையத்தில் விண்ணப்பிக்கலாம். கிராம நிர்வாக அலுவலர், வருவாய் ஆய்வாளர் விசாரித்த பிறகு கிடைக்கும். சொத்துக்காகவும் கடனுக்காகவும் நீதிமன்றத்தில் வாங்கும் வாரிசுரிமைச் சான்று வேறு. வேலைக்கு அது தேவைப்படுவதில்லை. வாரிசுச் சான்றில் எல்லா வாரிசுகளின் பெயரும் இருக்கட்டும். வெளியூரில் இருக்கும் மகளை, பேசாமல் இருக்கும் மகனை விட்டுவிட்டு வாங்கினால், அவர்களில் ஒருவர் ஒரு கடிதம் போட்டாலே எல்லாம் நின்றுவிடும்.

மூன்றாவது, குடும்பம் வறிய நிலையில் இருக்கிறது என்ற தாசில்தார் சான்று. இந்த மனுவின் உயிர் இதில்தான். வருமானச் சான்றும் இதுவும் ஒன்றல்ல. சொத்து, பிற வருமானம், யார் யார் வேலையில் இருக்கிறார்கள் என்பதெல்லாம் இதற்கான விசாரணையில் வரும். சொந்த வீடு இருப்பதை மறைக்க வேண்டாம். வசிக்கும் வீடு ஒன்று இருப்பதால் மட்டும் மனு தள்ளுபடி ஆகிவிடாது. மறைத்தது தெரிந்தால்தான் ஆபத்து, வேலை கிடைத்த பிறகும்கூட.

மற்ற வாரிசுகள் எல்லோரும் "இன்னாருக்கு வேலை கொடுப்பதில் எங்களுக்கு ஆட்சேபனை இல்லை" என்று எழுதிக் கையெழுத்திட்ட உறுதிமொழி வேண்டும். சண்டை இருந்தால் வீட்டிலேயே தீர்த்துக்கொண்டு வாருங்கள். இரண்டு பேர் போட்டி மனுக் கொடுத்தால் அலுவலகம் பஞ்சாயத்துப் பண்ணாது; கோப்பை ஓரமாக வைத்துவிடும், 3 ஆண்டும் ஓடிவிடும்.

இவற்றோடு கல்விச் சான்றுகள், சாதிச் சான்று, குடும்ப அட்டை, ஆதார், இறந்தவரின் நியமன ஆணை நகல், திருமணம் தொடர்பான ஆவணம். பள்ளியில் தமிழ் படிக்காதவர்கள் பணியில் சேர்ந்தபின் தமிழ்மொழித் தேர்வில் தேற வேண்டியிருக்கும்.

படி 6: மனுவை எங்கே கொடுப்பது

இறந்தவர் கடைசியாக வேலை பார்த்த அலுவலகத்தின் தலைவரிடம். அங்கேதான் அவருடைய பணிப்பதிவேடு இருக்கும். ஓய்வூதியப் பலன்களுக்கான கோப்பு நகரும்போதே இதையும் கொடுத்துவிடுவது நல்லது. உரிய படிவத்தை அலுவலகத்தில் கேட்டு வாங்குங்கள். கொடுத்த மனுவின் நகலில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்காமல் எழுந்து வராதீர்கள். "நம்ம ஆபீஸ்தானே, சார் பார்த்துக்குவார்" என்ற பேச்செல்லாம் அந்த 'சார்' மாற்றலாகிப் போகும்வரைதான். கூடவே ஒப்புகையுடன் பதிவுத் தபாலிலும் ஒரு பிரதி அனுப்பினால் தேதிக்கு இரண்டு சாட்சி.

மாவட்ட ஆட்சியரின் மக்கள் குறைதீர் நாளில் கொடுப்பதும், 'முதல்வரின் முகவரி'யில் பதிவதும் நினைவூட்ட உதவும். முறையான மனுவுக்கு அவை மாற்று அல்ல.

இறந்த ஊழியருக்குச் சேர வேண்டிய மற்றவற்றைத் தனியாகக் கேளுங்கள்: குடும்பப் பாதுகாப்பு நிதி 5 லட்சம் ரூபாய், விடுப்புச் சம்பளம், வைப்பு நிதி. இவற்றைப் பெற்றுக்கொண்டால் வேலை கிடைக்காது என்று யாரோ பயமுறுத்தினால் நம்ப வேண்டாம். நிதிநிலையைக் கணக்கிடும்போது இவற்றையும் பார்ப்பார்கள். ஆனால் வேலைக்காக அவற்றை விட்டுக்கொடுக்கும்படி யாரும் கேட்பதில்லை. 2003 ஏப்ரல் 1 முதல் சேர்ந்தவர்கள் பங்களிப்பு ஓய்வூதியத் திட்டத்தில் சேர்க்கப்பட்டவர்கள். பழைய முறைக் குடும்ப ஓய்வூதியத்தை நம்பி இருக்க முடியாத வீடு என்றால், அதையும் மனுவில் எழுதுங்கள்.

படி 7: விசாரணையும் காத்திருப்பும்

வருவாய்த் துறையினர் வீட்டுக்கு வருவார்கள், அக்கம்பக்கத்தில் கேட்பார்கள். பிறகு மனு துறைத் தலைமைக்குப் போய், தகுதி உள்ளவர்கள் பட்டியலில் சேரும். இடம் காலியாகும்போதுதான் ஆணை. துறையில் காலியிடம் இல்லாவிட்டால் வேறு துறையில் இடம் கேட்கும் நடைமுறையும் உண்டு. "எந்தத் துறையிலும் பணிபுரியச் சம்மதம்" என்று ஆரம்பத்திலேயே எழுதிக் கொடுப்பது புத்திசாலித்தனம்.

மத்திய அரசில் போட்டி கடுமை. பிரிவு 'சி' எனப்படும் கீழ்நிலைப் பதவிகளில் நேரடி நியமனத்துக்கான காலியிடங்களில் 5 சதவீதம் மட்டுமே இதற்கு. பல துறைகளில் 100 மதிப்பெண் முறை வைத்திருக்கிறார்கள்: குடும்ப ஓய்வூதியம் எவ்வளவு, கைக்கு வந்த தொகை எவ்வளவு, சொத்து, சார்ந்திருப்போர் எண்ணிக்கை, திருமணமாகாத மகள்கள், சிறு பிள்ளைகள், இறந்தவருக்கு மீதியிருந்த பணிக்காலம். உங்கள் மதிப்பெண் எவ்வளவு என்று கேட்க உங்களுக்கு உரிமை உண்டு.

மனுக்களை இழுத்தடிக்கக் கூடாது, முழுமையான மனு வந்த நாளிலிருந்து 6 மாதத்துக்குள் முடிவெடுக்க வேண்டும் என்று 2022 மே மாதம் ஒடிசா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. நடப்பில் அதைவிட நெடுநாள் ஆகிறது. நினைவூட்டுக் கடிதத்தில் இந்தத் தீர்ப்பைக் குறிப்பிட்டு எழுதலாம். ஆறு மாதத்துக்கு ஒரு கடிதம், ஒவ்வொன்றுக்கும் ஒப்புகை.

இந்தக் காலத்தில்தான் தரகர்கள் முளைப்பார்கள். "கோட்டையில் ஆள் இருக்கு" என்பவரிடம் பணம் கொடுத்துப் போலி ஆணையோடு அலுவலக வாசலில் நின்ற குடும்பங்களைப் பற்றிச் செய்தித்தாளில் அடிக்கடி படிக்கிறோம். உண்மையான ஆணை துறையிலிருந்து, கோப்பு எண்ணோடு, உங்கள் மனுவைக் குறிப்பிட்டு வரும்.

படி 8: ஆணை வந்தால்

குறித்த நாளுக்குள் சேருங்கள். மருத்துவத் தகுதிச் சான்று கேட்பார்கள், காவல்துறை நடத்தை விசாரணையும் இருக்கும். இளநிலை உதவியாளர்கள் தகுதிகாண் பருவத்தை முடிக்க ஈரோடு மாவட்டம் பவானிசாகரில் உள்ள அரசுப் பணியாளர் பயிற்சி நிலையத்தில் பயிற்சி பெற வேண்டும். கைக்குழந்தை இருப்பவர்கள் வீட்டில் அதற்கான ஏற்பாட்டை முன்கூட்டியே யோசியுங்கள்.

படி 9: மறுத்துவிட்டால்

வாய்மொழி மறுப்பை மறுப்பாகவே எடுத்துக்கொள்ளாதீர்கள். எழுத்தில், காரணத்தோடு வாங்குங்கள். தராவிட்டால் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு அந்த அலுவலகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு விண்ணப்பியுங்கள். என் மனு எந்த நிலையில் இருக்கிறது, பட்டியலில் என் எண் என்ன, எனக்குப் பின் மனுச் செய்தவர்களுக்கு நியமனம் கொடுக்கப்பட்டிருக்கிறதா, மறுப்புக் குறிப்பின் நகல் ஆகிய நான்கும் போதும். 30 நாளில் பதில் வர வேண்டும்.

காரணம் தெரிந்தபின் அதற்கேற்ற வழி. சான்றில் குறை என்றால் திருத்திக் கொடுங்கள். "வீட்டில் ஒருவருக்கு வேலை இருக்கிறது" என்றால் அவர் தனியாக இருப்பதற்கான ஆதாரத்தோடு மேல்முறையீடு. "திருமணமான மகள்" என்று மட்டும் எழுதித் திருப்பியிருந்தால் அது நீதிமன்றத்தில் பெரும்பாலும் நிற்காத காரணம்; தயங்காமல் போகலாம். காலக்கெடு தாண்டிய மனு என்றால், உண்மையைச் சொல்கிறேன், வழக்குச் செலவுதான் மிஞ்சும். அந்தப் பணத்தைப் பிள்ளையின் தேர்வாணையப் பயிற்சிக்குக் கட்டுங்கள்.

மாநில அரசு ஊழியர் குடும்பம் சென்னை உயர் நீதிமன்றத்தில் அல்லது அதன் மதுரைக் கிளையில் ரிட் மனுத் தாக்கல் செய்யலாம். மத்திய அரசு என்றால் முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வு. மறுப்பு ஆணையிலிருந்து ஓராண்டுக்குள் போக வேண்டும். நீதிமன்றம் பெரும்பாலும் "வேலை கொடு" என்று சொல்வதில்லை. "இன்ன காலத்துக்குள் மறுபடி பரிசீலி" என்று சொல்லும். அதைத் தெரிந்துகொண்டே வக்கீலிடம் பேசுங்கள். வக்கீல் வைக்க வசதியில்லாவிட்டால் மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போகலாம். 1987-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 12-ஆம் பிரிவின்படி பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. மனு கொடுத்தது மனைவியோ மகளோ என்றால், மறுப்பு ஆணை நகலையும் ஒப்புகை முத்திரையிட்ட மனுவையும் எடுத்துக்கொண்டு அங்கே போனால் போதும்.